சங்கை எப்படிப் பிடித்துப் பார்ப்பது? புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

"ஒரு வலம்புரி வந்திருக்கு, வந்து பார்" என்று வெள்ளவத்தையிலிருந்து பெரியம்மா போன் எடுத்தபோது, சங்கைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் ஊதினால் சத்தம் வரும் என்பது மட்டும்தான். போனேன், பார்த்தேன், கும்பிட்டேன், தேநீர் குடித்துவிட்டு வந்தேன். அது வலம்புரியும் இல்லை, நம் கடலில் பிறந்ததும் இல்லை என்று தெரிய எனக்கு 2 வருடம் எடுத்தது. அதற்குள் பெரியம்மா பாதிப் பணத்தைக் கட்டி முடித்திருந்தார்.

அந்த 2 வருடத்தில் கற்றதை, இன்றைக்கு முதல் முறையாக ஒரு சங்கைக் கையில் எடுப்பவருக்காக எழுதுகிறேன். பெரிதாக எதுவும் தேவையில்லை. ஒரு டோர்ச், ஒரு அடிமட்டம், பழைய துவாய் ஒன்று, ஒரு கொப்பி. கொழும்பில் சங்குக்குப் பஞ்சமும் இல்லை. பெரும்பாலான சைவ வீடுகளின் சாமியறையில் ஒன்று இருக்கும். குழந்தைக்குப் பால் பருக்கிய சின்னச் சங்கு அம்மம்மாவின் அலுமாரியில் கிடக்கும். செட்டியார் தெருப் பக்கம் போனால் விலைக்கும் கிடைக்கும். ஆனால் அது கொழும்புக் கடற்கரையில் பொறுக்கக்கூடிய சாமான் அல்ல என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன். சங்கு குளிப்பவர்கள் அதை எடுப்பது மன்னார், யாழ்ப்பாணப் பக்கத்துக் கடலின் மணல் தரையில், சுமார் 10 முதல் 20 மீற்றர் ஆழத்தில்.

முதல் வேலை: நிமிர்த்துங்கள்

துவாயை விரித்துச் சங்கை வையுங்கள். ஒரு பக்கம் சுருண்டு சுருண்டு கூராக முடியும். அதைச் சுருள்முனை என்போம். மறுபக்கம் ஒடுங்கி, நீர் வார்க்க வசதியாக நீண்டிருக்கும். அதை எங்கள் வீட்டில் மூக்கு என்போம். சுருள்முனை வானத்தைப் பார்க்க, மூக்கு தரையைப் பார்க்க, திறந்த வாய் உங்களைப் பார்க்கப் பிடியுங்கள். ஊதுகிற சங்கென்றால் சுருள்முனையை வெட்டியிருப்பார்கள். பரவாயில்லை, வெட்டிய பக்கத்தை மேலே வையுங்கள்.

இப்போது வாய் உங்கள் வலக்கைப் பக்கம் இருக்கிறதா, இடக்கைப் பக்கமா? வீட்டில் இருப்பது சாதாரணச் சங்கென்றால் வலக்கைப் பக்கம்தான் இருக்கும்.

இந்த இடத்தில்தான் எல்லோரும் தடுமாறுகிறார்கள். நானும் தடுமாறினேன். வாய் வலப்பக்கம் இருந்தால் அது வலம்புரிதானே? இல்லை. அது இடம்புரி. உயிரியல் புத்தகம் அதே சங்கை வலச்சுழி என்று எழுதும், நம் ஆட்கள் இடம்புரி என்பார்கள். இரண்டும் சரி. வித்தியாசம் எது தலை என்பதில்தான். உயிரியலாளர் சுருள்முனையை மேலே வைத்துப் பார்க்கிறார். அபிஷேகத்துக்குச் சங்கு எடுக்கும் ஐயருக்கோ நீர் விழுகிற மூக்குதான் முன்பக்கம். சங்கைத் தலைகீழாகத் திருப்பி மூக்கை மேலே கொண்டுவாருங்கள். வலப்பக்கம் இருந்த வாய் இடப்பக்கம் வந்துவிடும். அதனால் இடம்புரி. உண்மையான வலம்புரியில் இது அப்படியே மாறி நடக்கும். சுருள்முனை மேலே இருந்தால் வாய் இடப்பக்கம், மூக்கு மேலே இருந்தால் வலப்பக்கம்.

நம் முறையை அறியாமை என்று யாராவது சொன்னால் ஒரு பதில் வைத்திருக்கிறேன். உயிரோடு ஊர்ந்து போகும் சங்கின் தலை வெளியே வருவது மூக்குப் பக்கத்தில்தான். சுருள்முனை பின்னால் இழுபட்டுக்கொண்டு வரும். ஆக, எது முன், எது பின் என்பதில் ஐயர் சொல்வதுதான் அந்தப் பிராணியின் உடம்போடும் ஒத்துப்போகிறது.

கொப்பியில் எழுதும்போது வலம், இடம் என்று மட்டும் எழுதாதீர்கள். "சுருள்முனை மேலே, வாய் வலப்பக்கம்" என்று முழுதாக எழுதுங்கள். பிறகு யார் வாசித்தாலும் குழம்பாது.

அப்புறம், படத்தை நம்ப வேண்டாம். சாதாரணச் சங்கின் படத்தை இடம் வலமாகப் புரட்டிவிட்டால் அது கணத்தில் வலம்புரி. வட்ஸ்அப்பில் வரும் பாதிப் படங்கள் இப்படித்தானோ என்று எனக்குச் சந்தேகம் உண்டு. அன்றைய பத்திரிகையைப் பக்கத்தில் வைத்து எடுத்த படம் கேளுங்கள். எழுத்து புரண்டிருந்தால் சங்கும் புரண்டிருக்கிறது.

இரண்டாவது: வாய்க்குள் வெளிச்சம்

ஒரே ஒரு சோதனைதான் ஞாபகத்தில் நிற்கும் என்றால் அது இதுவாக இருக்கட்டும்.

டோர்ச்சைச் சங்கின் வாய்க்குள் அடியுங்கள். வாயின் ஒரு ஓரம் வெளியுதடு. மறு ஓரத்தில் உள்ளே ஏறிச் சுருளும் நடுத்தண்டு தெரியும். ஓடு முழுவதும் அந்தத் தண்டைச் சுற்றித்தான் வளர்ந்திருக்கிறது. தண்டின் நடுப்பகுதியை விரலால் தடவுங்கள். குறுக்காக, வரப்புப் போல, 3 அல்லது 4 மடிப்புகள் தட்டுப்பட வேண்டும். கண்ணுக்குத் தெரியாவிட்டாலும் நகத்தில் இடறும். நம் சங்கின் கையொப்பம் அதுதான். மெருகேற்றினாலும் உள்ளே அது நிற்கும். உதட்டை அராவலாம், வெளியே வெள்ளையாக்கலாம், பூண் போடலாம், ஆனால் இல்லாத மடிப்பைத் தண்டில் கொண்டுவருவது அவ்வளவு சுலபமல்ல.

பெரியம்மாவின் சங்கில் வாய் சரியான பக்கம்தான் இருந்தது. சுருள்முனையை மேலே வைத்தால் இடப்பக்கம். புரட்டிய படமும் அல்ல, கையில் பிடித்த பொருள். ஆனால் உள்ளே விரல் விட்டால் தண்டு வழுவழுவென்று இருந்தது. ஒரு மடிப்புக் கூட இல்லை.

அது அமெரிக்கக் கடல் நத்தை. அத்திலாந்திக் கரையின் தென்பகுதியிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் வாழும் சினிஸ்ட்ரோஃபல்கர் என்ற சாதியைச் சேர்ந்தது. ஆங்கிலத்தில் அதற்கு மின்னல் நத்தை என்று பொருள்படும் பெயர். ஓட்டில் மின்னல் கீறியது போலக் கபில நிறக் கோடுகள் இறங்கும். தோள்பட்டையில் சிறு முட்கள் இருக்கும். அராவி வெளுத்து எடுத்தால் இரண்டும் போய்விடும். நம் கடலில் மிக அரிதாகக் கண்ணில் படுகிற அந்தச் சுழி, அதற்குப் பிறவிக் குணம். கிட்டத்தட்ட எல்லாமே அப்படித்தான் சுழலும். டெக்சாஸ் மாநிலம் 1987-இல் அதைத் தன் மாநிலச் சிப்பியாக அறிவித்தது. அந்தக் கரையில் பிள்ளைகள் பொறுக்கி விளையாடும் ஓடு நம் ஊரில் இலட்சக் கணக்கில் விலை பேசப்படுகிறது என்பதை நினைத்தால் சிரிப்பதா அழுவதா தெரியவில்லை. பெரியம்மா சிரித்தார். பெரியப்பா சிரிக்கவில்லை.

உண்மையான வலம்புரி என்று ஒன்று இருக்கவே இருக்கிறது. அது தனி இனம் அல்ல. நம் சாதாரணச் சங்கு இனத்தில், கருவிலேயே சுழற்சி எதிர்ப்பக்கம் திரும்பிப் பிறக்கும் ஒன்று. அதற்கும் தண்டில் அதே மடிப்புகள் இருக்கும். குளத்து நத்தைகளில் இந்தத் திருப்பத்தைத் தாயின் மரபணுதான் தீர்மானிக்கிறது, பிள்ளையின் சொந்த மரபணு அல்ல என்று 1923-இல் அமெரிக்க மரபியலாளர் ஆல்பிரட் ஸ்டர்டெவன்ட் விளக்கினார். தாயிடம் உள்ளது பிள்ளையின் ஓட்டில் தெரியும். பிள்ளையிடம் உள்ளது பேரப்பிள்ளையில்தான் தெரியும்.

ஊர்ச் சோதனைகள் பல உண்டு. காதில் வைத்தால் ஓங்காரம் கேட்கும் என்பது அதில் பிரபலமானது. வெற்றுக் கிளாஸைக் காதில் வைத்தாலும் கேட்கும். சுற்றியுள்ள சத்தம் குழிவுக்குள் முட்டி எதிரொலிப்பதுதான் அது. காலி வீதியை ஒட்டிய வீட்டில் இன்னும் நன்றாகக் கேட்கும்.

பிசினில் வார்த்த போலி என்று சந்தேகம் வந்தால், உட்புறத்தில் கண்ணுக்குத் தெரியாத ஓரிடத்தில் ஒரு சொட்டுத் தேசிக்காய்ப் புளி விடுங்கள். சங்கு கல்சியம் காபனேற்று. நுரை பொங்கும். உடனே கழுவிவிடுங்கள், மெருகு போய்விடும். மின்னல் நத்தையும் இதே மாதிரித்தான் நுரைக்கும், எனவே இது பிசினைப் பிடிக்க மட்டுமே உதவும்.

மூன்றாவது: மெருகேறாத சங்கு கிடைத்தால்

கடையில் பார்க்கும் வெள்ளைச் சங்கு குளித்து முழுகிய சங்கு. கடலிலிருந்து வரும்போது அதற்கு மண்ணிறத்தில் ஒரு புறத்தோல் இருக்கும். காய்ந்தால் உரியும். வடக்கிலிருந்து யாராவது அப்படி ஒன்று கொண்டுவந்தால் தேய்த்து வெளுக்காதீர்கள், அப்படியே வையுங்கள். தோலோடு உள்ள சங்குதான் படிக்க நல்லது. வாயை அடைக்கும் தடித்த மண்ணிற மூடியும் கூடவே இருந்தால் அதிர்ஷ்டம். பிராணி உள்ளே இழுத்துக்கொண்டதும் கதவு மாதிரிச் சாத்திக்கொள்வது அதுதான். சாம்பிராணி, ஊதுபத்தி வகைகளில் சேர்க்க இந்த மூடி தனியாக விலைபோகிறது.

சங்குப்பூச்சி எதைத் தின்கிறது? நத்தை என்றதும் பாசி, இலை என்றுதான் மனம் போகும். சங்கு மாமிசப் பட்சணி. மணலுக்குள் வாழும் புழுக்களைத் தேடித் தின்கிறது. மூக்கு வழியாக ஒரு குழாயை நீட்டி நீரை உள்ளிழுத்து, இரையின் வாடையை அறிகிறது. ஓடு மூக்காக நீண்டிருப்பதன் காரணம் அதுதான். அபிஷேக நீர் வார்ப்பது நாம் பிறகு கண்டுபிடித்த உபயோகம்.

ஆண் வேறு, பெண் வேறு. பெண் சங்கு இடும் முட்டைக்கூடு ஆட்டுக்கடாக் கொம்பு போல முறுக்கியிருக்கும். உள்ளே அறை அறையாகப் பிரிந்திருக்கும். சங்கு குளிப்பவர்கள் அதைச் சங்குப்பூ என்பார்கள். அந்தப் பெயரை நான் முதலில் கேட்டபோது நீலப் பூக்கொடி என்றே நினைத்தேன். கூட்டுக்குள்ளேயே குஞ்சுகள் வளர்ந்து, ஓட்டோடு, சின்னச் சங்காகவே ஊர்ந்து வெளியே வருகின்றன.

இது சின்ன விசயம் போலத் தெரியும், ஆனால் சங்கின் வாழ்வில் பாதி இதில் அடங்கியிருக்கிறது. சோழியை எடுங்கள். அதன் குஞ்சு நீரில் மிதந்து நீரோட்டத்தோடு வெகுதூரம் போகும். அதனால் ஆபிரிக்கக் கரையிலிருந்து பசிபிக் தீவுகள்வரை ஒரே சோழி. சங்குக் குஞ்சுக்கு அந்தப் பயணம் இல்லை. பிறந்த மணலுக்குப் பக்கத்திலேயே தவழ்ந்து வாழ்கிறது. அதனால்தான் இந்தச் சங்கு இந்தியா, இலங்கைக் கடல்களை விட்டு அதிகம் விலகவில்லை. இடத்துக்கு இடம் உருவமும் கொஞ்சம் மாறுகிறது, ஓரிடத்தில் குட்டை, இன்னோரிடத்தில் ஒல்லி. ஓரிடத்தில் வழித்து எடுத்துவிட்டால், வேறெங்கிருந்தோ மிதந்து வந்து அந்த இடத்தை நிரப்பக் குஞ்சுகள் இல்லை என்பதும் இதன் மறுபக்கம்.

நான்காவது: முகவரி எழுதுதல்

உயர்தரத்தில் உயிரியல் படித்தவர்கள் இந்தப் பகுதியைத் தாண்டலாம். மற்றவர்களுக்கு: பாகுபாடு என்பது முகவரி மாதிரி. நாட்டில் தொடங்கி வீட்டு இலக்கத்தில் முடியும். சங்கின் முகவரி இப்படி. இராச்சியம் விலங்குகள். கணம் மொலஸ்கா, கணவாயும் மட்டியும் இருக்கும் அதே கணம். வகுப்பு கஸ்ட்ரோபோடா, அதாவது வயிற்றால் நடப்பவை. வருணம் நியோகஸ்ட்ரோபோடா, பெரும்பாலும் இரை தேடித் தின்னும் கூட்டம். குடும்பம் டர்பினெல்லிடே. சாதி டர்பினெல்லா. இனம் பைரம்.

தமிழ்நாட்டுப் புத்தகம் வாசிப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். நாம் சாதி, இனம் என்பதை அங்கே பேரினம், சிற்றினம் என்பார்கள். நம் பாடப்புத்தகத்துச் சாதியை அங்குள்ள நண்பர் ஒருவரிடம் சொல்லி, அவர் முகம் மாறியதைப் பார்த்திருக்கிறேன்.

பைரம் என்றால் இலத்தீனில் பேரிக்காய். சங்கை மூக்கு மேலாகப் பிடித்தால் பேரிக்காய் தெரியும். அந்தப் பெயரை வைத்தவர் சுவீடன் நாட்டு இயற்கையியலாளர் லின்னேயஸ், 1767-இல். ஆனால் அவர் அதை டர்பினெல்லாவில் வைக்கவில்லை, வொலூட்டா என்ற சாதியில் வைத்தார். காரணம்? நடுத்தண்டில் மடிப்பு. தண்டில் மடிப்புள்ள ஓடுகளையெல்லாம் அவர் அந்த ஒரே பெட்டிக்குள் போட்டிருந்தார். நீங்கள் டோர்ச் அடித்துத் தேடிய அதே மடிப்பைத்தான் அவரும் தேடியிருக்கிறார். பிறகு வந்தவர்கள் பெட்டியைப் பிரித்து, சங்கை டர்பினெல்லாவுக்கு மாற்றினார்கள். அதனால்தான் முழுப் பெயர் எழுதும்போது லின்னேயஸ், 1767 என்பதை அடைப்புக்குள் போடுகிறார்கள். வைத்தவர் ஒருவர், இப்போது இருக்கும் வீடு வேறு என்று அந்த அடைப்புக்குறி சொல்கிறது. பழைய நூல்களில் சாங்கஸ் பைரம் என்று கண்டால் பயப்பட வேண்டாம், அதே பிராணிதான். நம் சங்கு என்ற சொல்லே இலத்தீன் சட்டை போட்டுக்கொண்டு போய் நின்ற இடம் அது. அந்தப் பெயர் நிலைக்காமல் போனதில் எனக்கு இன்றும் கொஞ்சம் மனத்தாங்கல்.

நம் முன்னோரிடமும் ஒரு வரிசை இருந்தது. ஆயிரம் இப்பி, அதாவது சிப்பி, சூழ்ந்த நடுவில் ஒரு இடம்புரி, ஆயிரம் இடம்புரி சூழ ஒரு வலம்புரி, ஆயிரம் வலம்புரிக்கு ஒரு சலஞ்சலம், ஆயிரம் சலஞ்சலத்துக்கு ஒரு பாஞ்சசன்னியம். இது உறவுமுறைப் பாகுபாடு அல்ல, அருமையை வைத்துக் கட்டிய ஏணி. கொப்பியில் இதையும் எழுதலாம், வேறு பக்கத்தில்.

கரைக்குப் போவதானால்

வெள்ளவத்தை, தெகிவளை, கல்கிசைக் கரைகளில் கைப்பழக்கம் எடுக்கலாம். டிசம்பர் முதல் மார்ச் வரை கடல் அமைதி. மே மாதம் தென்மேற்குப் பருவக்காற்று தொடங்கினால் பாறைப் பக்கம் போகவே வேண்டாம். எங்கள் பக்கத்தில் வற்றும் பெருக்கும் ஒரு மீற்றரைக் கூடத் தொடாது. அதனால் வற்றிவிட்டால் கடல் உள்வாங்கி வழிவிடும் என்று எதிர்பார்த்துப் போகாதீர்கள். கரைக்குப் போக ரயில் பாதையைக் கடக்க வேண்டும். காதில் பாட்டு மாட்டிக்கொண்டு கடக்காதீர்கள்.

கிடைப்பவை சின்னச் சாமான்கள். பாறையில் ஒட்டிய கறுப்பு உருண்டை நத்தைகள், அலை தேய்த்த சோழி, வட்டமாகத் துளை விழுந்த மட்டி. அந்தத் துளை இன்னொரு நத்தை குடைந்து தின்ற அடையாளம். எடுத்ததும் வாய்க்குள் பாருங்கள். சந்நியாசி நண்டு குடியிருந்தால் வைத்துவிடுங்கள், அது அதன் வீடு. ஐஸ்கிரீம் கோன் மாதிரி கூம்பாக, அழகான கோலமிட்ட ஓடு உயிரோடு கிடைத்தால் தொடவே தொடாதீர்கள். கூம்பு நத்தைகள் நஞ்சூசியால் குத்தும். அவற்றில் சில வகை மனிதரைக் கொன்றிருக்கின்றன. எந்த முனையைப் பிடித்தால் பாதுகாப்பு என்று கேட்பார்கள். எதையும் அல்ல, அந்த ஊசி எப்பக்கமும் வளைந்து வரும்.

எடுப்பதென்றால் வெற்று ஓடு மட்டும், அதிலும் ஒன்றிரண்டு. வெளிநாட்டு உறவினருக்குச் சங்கு கொடுத்துவிட நினைப்பவர்கள் பெட்டி கட்டுமுன் கடற்றொழில் திணைக்களத்தில் கேளுங்கள். சங்கு ஏற்றுமதிக்கு இங்கே சட்டம் உண்டு. விட்டம் 70 மில்லிமீற்றருக்குக் குறைந்த சங்கு அதில் தடை.

கடைசி வேலை: துண்டு எழுதுதல்

ஓட்டுக்கு ஒரு துண்டு. அதில் நீளம், சுழி, தண்டில் மடிப்பு எத்தனை, எங்கே கிடைத்தது, எந்தத் திகதி, யார் கொடுத்தது. இடம் தெரியாவிட்டால் தெரியாது என்றே எழுதுங்கள். ஊகித்து மன்னார் என்று எழுதிய துண்டு, துண்டே இல்லாததைவிட மோசம். பென்சிலால் எழுதுங்கள், ஈரத்தில் பேனா ஊறும்.

பெரியம்மாவின் சங்கு இன்னும் அதே சாமியறையில், அதே மஞ்சள் துணியில் இருக்கிறது. மீதிப் பணத்தைக் கொடுக்கவில்லை, தரகரும் பிறகு போனை எடுக்கவில்லை. துணிக்கு அடியில் நான் வைத்த துண்டு இருக்கிறது: "சினிஸ்ட்ரோஃபல்கர். சுருள்முனை மேலே, வாய் இடப்பக்கம். தண்டில் மடிப்பு இல்லை. பிடிபட்ட கடல் தெரியாது. கிடைத்த இடம் கொழும்பு 6." அதற்குக் கீழே பெரியம்மா தன் கையெழுத்தில் ஒரு வரி சேர்த்திருக்கிறார்: "வெள்ளிக்கிழமை பூ வைக்கவும்."